யாருக்கு அவமதிப்பு?

1892 அரசாணைப்படி எங்களுக்கு வந்த பஞ்சமி நிலம். அதை ஊர்க்காரன் பேருக்குப் பட்டா மாற்றினார் ஓர் அதிகாரி. 226-ஆவது பிரிவில் ரிட் போட்டோம். பட்டா ரத்து, பன்னிரண்டு வாரத்தில் நிலத்தை ஒப்படை என்றது நீதிமன்றம். ஒப்படைக்கவில்லை. ஒரு வருசம் தாண்டினால் 1971 சட்டத்தின் 20-ஆவது பிரிவு கதவைச் சாத்திவிடும் என்றார் வக்கீல். ஆட்டை விற்று அவமதிப்பு வழக்குப் போட்டோம்.

அதிகாரி வந்தார். நிபந்தனையற்ற மன்னிப்பு கேட்டார். வழக்கு முடிந்தது.

மன்னிப்பு நீதிமன்றத்துக்கு, எங்களுக்கல்ல. அவமதிப்பு அவங்க ரெண்டு பேருக்குள்ள விவகாரமாம், நாங்க தகவல் சொன்னவங்களாம்! எங்க தாத்தா ஊருக்கு இழவுசேதி சொன்னார். நான் கோர்ட்டுக்குச் சொன்னேன். இதுதான் முன்னேற்றமா?

மன்னிப்புல நெல்லு விளையுமா? நிலத்தை அளந்து, கல் நட்டு, எங்க கையில கொடுக்கட்டும். அப்புறம் கேட்கட்டும் மன்னிப்பு.