தீவகத்தின் காற்றும் தூதரகத் தீர்ப்பும்

நெடுந்தீவு, நயினாதீவு, அனலைதீவு ஆகியவற்றின் பெயர்கள் 2021ஆம் ஆண்டில் உலகப் பத்திரிகைகளில் அடிபட்டன. இந்தியக் கரைக்கு அவை எத்துணை அண்மையில் உள்ளன என்பதே பேச்சாயிற்று. அங்கே மனிதர் வாழ்கின்றனர் என்பது எவர் நினைவிலும் நின்றதாகத் தெரியவில்லை.

இத்தீவுகள் தேசிய மின்வலையமைப்புடன் இணையாதவை. டீசல் மின்பிறப்பாக்கிகளை நம்பியவை. காற்றிலும் வெயிலிலும் மின்சாரம் பெற ஆசிய அபிவிருத்தி வங்கியின் நிதியுடன் ஒரு திட்டம் வகுக்கப்பட்டுக் கேள்விப்பத்திரம் கோரப்பட்டது. 2021 ஜனவரியில் அமைச்சரவை அதனைச் சினோசோர்-எடெக்வின் என்னும் சீனக் கூட்டு நிறுவனத்துக்கு வழங்க இசைந்தது. இந்தியா ஆட்சேபித்தது. அவ்வாண்டு டிசம்பரில், மூன்றாந் தரப்பொன்றின் பாதுகாப்புக் கவலையால் வேலை இடைநிறுத்தப்பட்டதெனச் சீனத் தூதரகம் அறிவித்தது. 2022 மார்ச்சில் இந்தியாவுடன் புரிந்துணர்வு உடன்படிக்கை. 2024 மார்ச் 1இல், 1 கோடி 10 இலட்சம் டொலர் இந்திய நன்கொடையில், பெங்களூர் நிறுவனமாகிய யூ சோலாருடன் ஒப்பந்தம். கேள்விப்பத்திரத்தில் வென்றவர் போயினர், வேறொருவர் வந்தனர். இதனைத் தீர்த்து வைத்தது நீதிமன்றமன்று, தூதரகங்களே.

"கடன் நன்கொடையாயிற்று, இதிற் குறை காண்பானேன்?" என வினவுவோருளர். திறைசேரிக்கு அது இலாபமே, மறுப்பதற்கில்லை. ஆனால் எந்நிலத்திற் காற்றாலை எழும், மின்கலம் பழுதுற்றாற் பொறுப்பேற்பவர் யார், கட்டணம் யாது என்பன கொழும்பிலோ டில்லியிலோ பெய்ஜிங்கிலோ இருப்பவர்களின் வினாக்களல்ல. சீனச் சார்பு, இந்தியச் சார்பு என்று இரு அணிகளாகப் பிரிந்து பல்கலைக்கழக விடுதிகளில் நள்ளிரவு வரை வாதிடும் நம்மவரும் இவற்றைக் கேட்பதில்லை. வல்லரசுகளின் சதுரங்கத்தை வியப்பதில் நமக்கொரு தனி இன்பம் போலும்!

எப்பாவல விவசாயிகள் அவ்வாறு வியந்துகொண்டிருக்கவில்லை. அநுராதபுர மாவட்டத்துப் பொஸ்பேற்றுப் படிவை 30 ஆண்டுகளுக்கு அமெரிக்கக் கம்பனிகள் முதன்மை வகித்த கூட்டொன்றிடம் ஒப்படைக்க அரசு முனைந்தபோது, அவ்வூரைச் சார்ந்த எழுவர், ஒரு விகாராதிபதி உட்பட, உயர் நீதிமன்றம் சென்றனர். ஒப்பந்தம் கைச்சாத்தாகும் முன்னரே சென்றனர் என்பதைக் கவனிக்க. இயற்கை வளத்துக்கு அரசு உரிமையாளன் அன்று, மக்களின் பொருட்டு அதனைக் காக்கும் பொறுப்பாளனே என்னும் கருத்தை ஏற்று, நீதியரசர் அமரசிங்க எழுதிய தீர்ப்பு 2000ஆம் ஆண்டு ஜூன் மாதம் வெளிவந்தது. படிவின் அளவு முறையாக ஆராயப்பட்டு, சுற்றாடல் மதிப்பீடும் நிறைவேறும் வரை ஒப்பந்தம் கூடாதென அது கட்டளையிட்டது. சிங்கள விவசாயிகள் வெட்டிய வழியென்பதற்காக அது நமக்கு அடைபட்டதன்று. மன்னார், பூநகரி அதானி காற்றாலைத் திட்டத்தில், விலைப்போட்டி இன்மையையும் பறவைகளின் வலசைப் பாதையையும் காட்டி உயர் நீதிமன்றில் மனுக்கள் தாக்கலாயின. 2025 பெப்ரவரியில் கம்பனியே விலகிற்று. அரசாங்கம் விலையை மீளாய்வு செய்ய முற்பட்டதும் அதற்கொரு காரணம் என்பது உண்மை. ஆயினும் வினா பகிரங்கமாக எழுந்தது.

தீவகத்தானுக்கு அவ்வழி எளிதா? அடிப்படை உரிமை மனுவை மீறல் நிகழ்ந்து ஒரு மாதத்துள் தாக்கல் செய்யுமாறு அரசியலமைப்பின் 126ஆம் உறுப்புரை விதிக்கின்றது. நீதிமன்றம் இதனைச் சில வேளைகளில் தளர்த்தியதுண்டு. தளர்த்துமென்று நம்பிப் படகேற முடியுமா? ஒப்பந்தத்தின் பிரதி கையில் இல்லை. 2016ஆம் ஆண்டின் தகவல் அறியும் உரிமைச் சட்டப்படி விண்ணப்பித்தால், தருவதா மறுப்பதா என்று முடிவு கூறவே அதிகாரிக்கு 14 வேலை நாட்கள் உண்டு. தர இசைந்தபின் மேலும் 14 நாட்கள். பிரதி வருமுன் மாதம் கழிந்துவிடும். அதன் பின்னர் குறிகட்டுவானுக்குப் படகு, யாழ்ப்பாணத்துக்குப் பேருந்து, கொழும்புக்கு இரயில், புதுக்கடையில் வழக்கறிஞர்!

ஆகவே நாம் கோர வேண்டியது சீனனையோ இந்தியனையோ அன்று. ஒப்பந்த வரைபின் தமிழ்ப் பிரதி, கையொப்பத்துக்கு முன்னர், நெடுந்தீவு, வேலணை, ஊர்காவற்றுறைப் பிரதேச செயலகங்களில் வைக்கப்படல் வேண்டும். விசாரணை தீவிலேயே நடைபெறல் வேண்டும்; ஆட்சேபணைக்குக் காலமும் அளிக்கப்படல் வேண்டும். சட்டம் கற்ற நம் மாணவர் அவ்வாட்சேபணைகளை எழுதிக் கொடுக்க முன்வரட்டும்.