டிராக்டரின் பின்பக்கம் ஒரு ஸ்டாப்பர் வேண்டும்

தை, மாசி பிறந்தால் பெரம்பலூர் பக்கம் எங்கே திரும்பினாலும் மக்காச்சோளக் கதிரடிப்புதான். டிராக்டர் நிற்கும், இருக்கை காலியாக இருக்கும். கை ஆக்சிலேட்டரை ஓர் இடத்தில் நிறுத்திவிட்டு டிரைவர் டீ குடிக்கப் போயிருப்பார். பின்னால் மிஷினில் கதிரைக் கூடை கூடையாகக் கொட்டுகிறவர்கள் பெரும்பாலும் பெண்கள். அவர்களுக்குப் பக்கத்தில், டிராக்டருக்கும் மிஷினுக்கும் நடுவே, எஞ்சினின் சக்தியை மிஷினுக்குக் கொண்டுபோகும் பி.டி.ஓ. ஷாப்ட் சுற்றிக்கொண்டிருக்கும்.

வழக்கமான வேகம் நிமிடத்துக்கு 540 சுற்று, அதாவது நொடிக்கு 9. ஷாப்டின் முனையில் கிராஸ் என்கிற மூட்டு இருக்கும் இடம் 10 சென்டிமீட்டர் விட்டம் என்று வைத்துக்கொள்ளுங்கள். நொடிக்கு ஏறக்குறைய 2.8 மீட்டர் துணியைச் சுருட்டும். ஐந்தரை மீட்டர் சேலைக்கு இரண்டு நொடி. பெண்கள் சேலைக்கு மேல் ஆண்கள் சட்டையை மாட்டிக்கொள்கிறார்கள், நல்லதுதான். சேலையின் கீழ் ஓரத்தை அது என்ன செய்யும்?

டிராக்டர் ரிப்பேர் கடைக்காரன் என்ற முறையில் சொல்கிறேன்: இந்த ஷாப்டை நிறுத்தத் தெரிந்தவர்கள் களத்தில் குறைவு. வண்டியை நியூட்ரலில் போட்டாலும் பி.டி.ஓ. சுற்றும். டபுள் கிளட்ச் வண்டியில் பெடலைப் பாதி மிதித்தால் சக்கரத்துக்குப் போகும் இழுவை மட்டும்தான் நிற்கும். அடிவரை மிதித்தால்தான் பி.டி.ஓ. நிற்கும். புது வண்டிகள் சிலவற்றில் பி.டி.ஓ.வுக்கென்றே தனிக் கிளட்சும் லிவரும் உண்டு. எல்லாம் சரி, அத்தனையும் இருக்கைக்குப் பக்கத்தில்தானே இருக்கின்றன! ஆபத்து ஒருவருக்கு, லிவர் இன்னொருவர் கையில்.

ஆள் எழுந்தால் பி.டி.ஓ. தானாக நிற்கும் இருக்கை சுவிட்ச் வெளிநாட்டு வண்டிகளில் உண்டு. கதிரடிப்புக்கு அது உதவாது. வண்டி மணிக்கணக்கில் ஆளில்லாமல்தான் ஓடியாக வேண்டும். ஐரோப்பிய டிராக்டர்கள் பலவற்றில் பின் மட்கார்டிலேயே பி.டி.ஓ. பொத்தான் வைத்திருக்கிறார்கள். நமக்கு வேண்டியது அதுதான்.

ஷாப்டுக்கு பிளாஸ்டிக் உறை இருக்கிறதே என்பார்கள். புதிதாக வரும்போது இருக்கிறது. உள்ளே ஷாப்ட் சுற்றினாலும் உறை சுற்றக் கூடாது. அதற்காக இரண்டு முனையிலும் சின்னச் சங்கிலி கொடுத்திருப்பார்கள். சங்கிலியை யாரும் மாட்டுவதில்லை. உறையும் கூடவே சுற்றித் தேய்ந்து, வெயிலில் வெடித்து, கிரீஸ் அடிக்க இடைஞ்சல் என்று ஒருநாள் வரப்போரம் போய்விழும். என் கடைக்கு வரும் பழைய ஷாப்டுகளில் உறையோடு வருவது அபூர்வம். மிஷின் சிக்கினால் தான் அறுந்து மற்றதைக் காப்பாற்றுவதற்காகவே வைத்த ஷியர் போல்ட் அறுந்தால், கெட்டியான போல்ட்டாகக் கேட்டு வாங்கி மாட்டுகிற ஊர் இது. சங்கிலிக்கு யார் மெனக்கெடுவார்கள்?

சட்டம் இல்லாமல் இல்லை. கதிரடி இயந்திரங்களில் கை போனவர்களுக்காகவே 1983இல் நாடாளுமன்றம் அபாயகரமான இயந்திரங்கள் ஒழுங்குமுறைச் சட்டத்தைக் கொண்டுவந்தது. நஷ்டஈட்டுக்கும் அதில் வழி இருக்கிறது. அப்படி ஒரு சட்டம் இருப்பது களத்தில் எத்தனை பேருக்குத் தெரியும்?

பெரிய செலவு எதுவும் கேட்கவில்லை. நம் டிராக்டர்கள் பலவற்றில் ஸ்டாப்பரை இழுத்தால் டீசல் நின்று எஞ்சின் அணையும். அதே கம்பியை நீட்டி மட்கார்டு வரைக்கும், அங்கிருந்து ஒரு கயிறாக மிஷின் வாய் வரைக்கும் கொண்டுவந்துவிடலாம். மிஷினின் கனமான சக்கரம் சட்டென்று நிற்காதுதான், ஆனால் பி.டி.ஓ. இணைப்பிலேயே இருந்தால், அணைந்த எஞ்சின் அதைப் பிடித்து இழுத்து நிறுத்தும். வெல்டிங் தெரிந்த எவரும் அரை நாளில் செய்துகொடுக்கிற வேலை. வேளாண்மைப் பொறியியல் துறை மானியம் கொடுக்கும் ஒவ்வொரு மிஷினுக்கும் உறை, சங்கிலி, பின்பக்க ஸ்டாப்பர் மூன்றும் இருந்தால்தான் பணம் என்று ஓர் ஆணை போடட்டும். அடுத்த தைக்குள் போட்டால்கூடப் போதும்.