பனியன்: தடையிலிருந்து நாகரிகம் வரை

உடைக்கென்று தனி மதிப்பு ஏதுமில்லை. அதை அணியும் உடலுக்குச் சமூகம் தரும் மதிப்பே உடையின் மதிப்பாகிறது. இன்று உலகமே அணியும் டி-ஷர்ட் இதற்குச் சான்று. 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் அமெரிக்கக் கடற்படையினர் சீருடைக்குள் அணிந்த பருத்தி உள்ளாடை அது. வெப்பத்தில் வேலை செய்வோர் மேற்சட்டையைக் கழற்றியபோதுதான் அது வெளியே தெரிந்தது. பொது இடத்தில் அதை மட்டும் அணிவது நெடுங்காலம் கண்ணியக் குறைவாகவே கருதப்பட்டது. 1951இல் 'எ ஸ்ட்ரீட்கார் நேம்ட் டிசையர்' படத்தில் மார்லன் பிராண்டோவும், 1955இல் 'ரெபல் வித்அவுட் எ காஸ்' படத்தில் ஜேம்ஸ் டீனும் அணிந்த பிறகு, அதுவே இளமையின் அடையாளமாயிற்று. உழைப்பாளியின் வியர்வைத் துணி, நட்சத்திரத்தின் உடலில் ஏறியதும் நாகரிகமானது.

நம் மண்ணில் இந்த உள்ளாடையின் வரலாறு வேறு. 1930 டிசம்பரில் இராமநாதபுரம் பகுதியில் ஆதிக்கச் சாதியினர் ஆதிதிராவிடர்மீது எட்டுத் தடைகளை விதித்தனர். ஜே.எச். ஹட்டன் தம் நூலில் இவற்றைப் பதிவு செய்துள்ளார். ஆண்கள் கோட்டு, சட்டை, பனியன் அணியக் கூடாது. பெண்கள் ரவிக்கையாலோ தாவணியாலோ மேலுடலை மறைக்கக் கூடாது என்பன அவற்றுள் அடங்கும். மீறியவர்களின் குடிசைகள் எரிக்கப்பட்டன. மேல்நாட்டில் பனியனை வெளியே காட்டுவது ஒழுங்கீனம் எனப்பட்டது. இங்கே பனியன் அணிவதே குற்றமாக்கப்பட்டது.

அத்தடைகள் இன்று ஏட்டில் இல்லை. திருப்பூரின் பனியன் கம்பெனிகளில் தைக்கப்படும் டி-ஷர்ட்டுகள் கப்பலேறி உலகக் கடைகளில் நாகரிக உடையாக விற்கப்படுகின்றன. அவற்றைத் தைக்கும் கைகளில் நம் பெண்களின் கைகளும் உண்டு. ஆயினும் 2012 நவம்பரில் தருமபுரி மாவட்டத்தின் நத்தம் உள்ளிட்ட மூன்று தலித் குடியிருப்புகள் எரிக்கப்பட்டன. அதையடுத்த வாரங்களில், தலித் இளைஞர்கள் ஜீன்சும் டி-ஷர்ட்டும் கூலிங் கிளாசும் அணிந்து பிற சாதிப் பெண்களை மயக்குகிறார்கள் என்று பா.ம.க. நிறுவனர் ராமதாஸ் பேசினார். 1930இல் பனியன், 2012இல் டி-ஷர்ட்: 82 ஆண்டுகளில் துணி மாறியது, குற்றச்சாட்டு மாறவில்லை.

உள்ளாடை நாகரிகமாவதைச் சந்தையின் விந்தை என்று மட்டும் கண்டு வியப்பதில் நமக்கு உடன்பாடில்லை. ஊரார் அணிந்தால் நாகரிகம், சேரியார் அணிந்தால் திமிர் என்னும் அளவுகோல் நீடிக்கும்வரை, நாம் விரும்பியதை உடுத்துவது அலங்காரமன்று, அது உரிமை.