வெகுளியும் ஒரு தருமமே

முடிச்சூரைக் கடந்து மணிமங்கலம் செல்லும் சாலையில் இன்று மாட்டு வண்டியைக் காண்பது அரிது. ஸ்ரீபெரும்புதூருக்கும் ஒரகடத்துக்கும் உதிரிபாகம் சுமந்து செல்லும் லாரிகளும், முறைமாற்றத் தொழிலாளரை ஏற்றிச் செல்லும் கம்பெனி பஸ்களுமே கண்ணில் படுகின்றன. அவ்வூர்த் தருமேசுவரர் கோயிலைப் பார்க்க அண்மையில் நண்பர்கள் நால்வராகச் சென்றிருந்தோம். யானையின் பின்புறம் போல் வளைந்து அமைந்த கருவறைச் சுவரைச் சுற்றிவந்த நண்பர் ஒருவர், பத்தே நிமிடங்களில் தீர்ப்பு எழுதிவிட்டார். தருமம் புத்தரின் சொல். யானை முதுகு வடிவம் பௌத்த சைத்தியத்தின் வடிவம். ஆகவே இது பழைய விகாரை என்பது அவர் முடிவு. இன்னொரு நண்பர் அதையும் ஏற்கவில்லை. தருமம் என்பது நம் அறம் என்னும் சொல்லுக்கு வடவர் இட்ட பெயர், அவ்வளவே. அதைக் கொண்டு சமயம் காண்பது வீண் வேலை என்றார்.

இருவரும் எதிரெதிர் நிற்பவர்கள் போலத் தோன்றினாலும் இருவர் பிழையும் ஒன்றே. தருமம் என்ற சொல்லுக்கு ஒரே ஒரு பொருள்தான் உண்டு என இருவருமே நம்புகிறார்கள். இந்த நம்பிக்கை அவ்விருவரோடு நின்றிருந்தால் தேநீர்க் கடையிலேயே பேசித் தீர்த்திருப்போம். பதவுரைகளிலும் மொழிபெயர்ப்புகளிலும் கட்டுரைகளிலும் மேடைகளிலும் அது பரவிக் கிடப்பதால்தான் இதை எழுத நேர்ந்தது.

முதல் நண்பரின் கட்சிக்குப் பெரிய துணை ஒன்று உண்டு. மயிலை சீனி. வேங்கடசாமி 1940-இல் வெளியிட்ட ‘பௌத்தமும் தமிழும்’ நூலில், நிகண்டுகள் புத்தருக்குத் தருமராசன் என்ற பெயரைத் தருவதைச் சுட்டி, இன்று திரௌபதியம்மனோடு சேர்த்து வழங்கும் தருமராசா கோயில்கள் முன்பு பௌத்தக் கோயில்களாக இருந்தவை என்று வாதிட்டார். தமிழ்ப் பௌத்தத்தைப் புதைகுழியிலிருந்து எடுத்துக் காட்டிய அறிஞர் அவர். அவர்பால் எங்களுக்குள்ள மதிப்பு குறையவில்லை. ஆயினும் தருமராசன் என்பது எமனுக்கும் பெயர், பாண்டவருள் மூத்தவனுக்கும் பெயர். தருமநாதர் என்பவர் சமணரின் பதினைந்தாம் தீர்த்தங்கரர். அறவாழி புத்தருக்கும் உண்டு, அருகனுக்கும் உண்டு. ஒரு பெயருக்கு நான்கு உரிமையாளர் இருக்கையில், நமக்குப் பிடித்த ஒருவருக்கு மட்டும் பட்டா எழுதிக் கொடுப்பது ஆராய்ச்சி ஆகாது. கருவறையின் வடிவமும் அப்படியே. மாமல்லபுரத்துச் சகதேவ இரதமும், திருத்தணி வீரட்டானேசுவரர் கோயிலும், திருவொற்றியூரும் யானை முதுகு வடிவம் கொண்டவை. தொண்டை மண்டலச் சிற்பி சிவனுக்கும் அவ்வடிவைத் தாராளமாகக் கட்டியிருக்கிறான்.

காஞ்சிச் சூழலில் பௌத்தம் செழித்ததை நாங்கள் மறுப்பதாக யாரும் கொள்ள வேண்டாம். சுமார் 640-இல் அங்கு வந்த யுவான் சுவாங், நூற்றுக்கு மேற்பட்ட சங்காராமங்களையும் பதினாயிரம் துறவியரையும் குறிப்பிடுகிறார். நிகண்டர் பலர் இருந்ததையும் சேர்த்தே சொல்கிறார். நாளந்தாவின் ஆசிரியர் தருமபாலர் பிறந்த ஊர் அது. அடுத்த ஓரிரு ஆண்டுகளில் இதே மணிமங்கலத்தில்தான் முதலாம் நரசிம்மவர்மன் இரண்டாம் புலிகேசியை முறியடித்தான். கூரம் செப்பேடு இந்த ஊரின் பெயரைச் சொல்லுகிறது. சோழர் காலத்துக்கு வந்தால் இவ்வூர்க் கல்வெட்டுகள் உலோகமாதேவிச் சதுர்வேதிமங்கலம் என்று இதைக் குறிக்கின்றன. இவற்றுக்கிடையே ஒரு விகாரை இருந்திருக்கலாம். இருந்தது என்று சொல்ல மண்ணிலிருந்தோ கல்லிலிருந்தோ சான்று வரவேண்டும். தருமம் என்ற நான்கெழுத்து அதற்குப் போதாது.

இனிச் சொல்லுக்கு வருவோம். ‘தாங்குதல்’ என்னும் பொருள்தரும் வேரிலிருந்து பிறந்த சொல் தர்மம். தமிழில் தருமம், தன்மம் என்றும், பாலி வழியே தம்மம் என்றும் வழங்கியது. எதை எது தாங்குகிறது என்ற கேள்விக்கு ஒவ்வொரு சமயமும் ஒரு விடை சொன்னது. சில சமயங்களில் ஒரே சமயம் நான்கு விடை சொன்னது.

சமணரிடம் வழங்கும் ஒரு பொருள், முதன்முறை கேட்பவரைத் திகைக்க வைக்கும். உலகின் அடிப்படைப் பொருள்களை அவர்கள் உயிர், புற்கலம், தருமம், அதருமம், ஆகாயம், காலம் என ஆறாக எண்ணுகிறார்கள். இவற்றுள் தருமம் என்பது இயக்கத்துக்குத் துணைநிற்கும் பொருள். அதருமம் நிலைபேற்றுக்குத் துணைநிற்கும் பொருள். இரண்டுக்கும் உருவமில்லை, செயலுமில்லை. உலகெங்கும் இடைவெளியின்றி நிறைந்திருக்கின்றன. தருமம் எதையும் தள்ளுவதில்லை. மீன் நீந்துவதற்கு நீர் இருப்பது போல இருக்கிறது. அதருமம் எதையும் பிடித்து நிறுத்துவதில்லை. வழிநடப்போன் களைத்து நிற்க விரும்பினால் மரநிழல் உதவுவது போல உதவுகிறது. மணிமங்கலத்துச் சாலையில் ஒரு சமண ஆசிரியர் நின்றிருந்தால், விரையும் லாரிக்குத் தருமமும் ஓரமாக நிறுத்திய லாரிக்கு அதருமமும் துணை என்பார். ஓட்டுநர் நல்லவரா கெட்டவரா என்பது அக்கணக்கில் வராது. வீடுபேறு எய்திய உயிர் மேலெழுந்து உலகின் உச்சியில் போய் நின்றுவிடுகிறது. ஏன் மேலும் செல்லவில்லை? அதற்கு அப்பால் தருமம் இல்லை. ‘தத்துவார்த்த சூத்திரம்’ இதை ஒளிவுமறைவின்றிக் காரணமாகச் சொல்கிறது. இங்கே தருமத்தை அறம் என்று மொழிபெயர்த்துப் பாருங்கள்: வினை அனைத்தும் ஒழித்த சித்தர், அப்பால் அறம் இல்லாமையால் அங்கேயே நின்றுவிட்டார் என்று வரும்! சித்தரும் சிரிப்பார்.

அதே சமணர் இச்சொல்லை வேறு பொருள்களிலும் ஆளுகிறார்கள். பொருளின் இயல்பே தருமம். பொறுமை முதலிய பத்தும் தருமம். நற்காட்சி, நல்ஞானம், நல்லொழுக்கம் என்னும் மும்மணியும் தருமம். உயிர்களைக் காத்தலும் தருமம். இந்நான்கையும் ‘கார்த்திகேயானுபிரேட்சை’ என்னும் பிராகிருத நூல் ஒரே பாட்டில் அடுக்கித் தருகிறது. மீனுக்கு நீர் போன்ற அந்தத் தருமம் இந்த நான்கிலும் சேராது என்பதையும் வாசகர் கவனிக்க வேண்டும். அது ஐந்தாவது.

பௌத்தரிடம் சென்றால் நிலைமை வேறு. புத்தர் போதனை தருமம் என்பதை யாவரும் அறிவர். ஆனால் அபிதருமத்தார்க்குத் தருமம் என்பது தனக்கென ஓர் இலக்கணத்தைத் தாங்கி நிற்கும் இருப்பின் கூறு. நாம் மனிதன், மரம், தேர் என்றெல்லாம் வழங்குபவை இக்கூறுகள் கூடிய தோற்றங்களே. அவற்றை எண்ணிக் கணக்கிடவும் செய்தார்கள். சருவாத்திவாதிகள் 75 என்றனர். யோகாசாரர் 100 என்றனர். தேரவாத மரபு நிப்பாணத்தையும் சேர்த்து 82 என்கிறது. இப்பட்டியல்களில் நம்பிக்கையும் நாணமும் உண்டு. ஆசையும் வெகுளியும் மயக்கமும் உண்டு. ஆம், வெகுளியும் ஒரு தருமமே. இதையும் அறம் என்று பெயர்ப்பவர், வெகுளி ஓர் அறம் என எழுதிவிட்டுத்தான் அடுத்த வரிக்குப் போகமுடியும்.

புத்தகோசர் பெயரில் வழங்கும் ‘அத்தசாலினி’ உரை, தம்மம் என்ற சொல்லுக்கு ஓதும் நூல், காரணம், நற்குணம், உயிரற்ற வெறும் கூறு என நான்கு பொருள்களைப் பிரித்துக் காட்டுகிறது. ஏறத்தாழ ஆயிரத்தைந்நூறு ஆண்டுகளுக்கு முன்பே செய்த வேலை இது. தாம் காஞ்சியில் தங்கியிருந்ததைப் புத்தகோசரே தம் உரையொன்றில் குறிப்பிடுகிறார். ஆகையால் அந்த உழைப்பை அயலாருடையது என்று ஒதுக்கவும் நமக்கு வழியில்லை. ‘தம்மபதம்’ இருபதாம் அத்தியாயத்தில் அடுத்தடுத்து மூன்று பாடல்கள் வருகின்றன. நிலையாமை, துன்பம் என்னும் இரண்டையும் சொல்லும்போது சங்காரம் என்ற சொல் ஆளப்படுகிறது. ஆன்மாவின்மையைச் சொல்லும் மூன்றாவதில் மட்டும் அச்சொல் தம்மம் என மாறுகிறது. நிப்பாணம் நிலையற்றதோ துன்பமோ அன்று. ஆயினும் அதற்கும் ஆன்மா இல்லை. அதனையும் உள்ளடக்க விரிந்த சொல் ஒன்று தேவைப்பட்டது என்பது மரபு தரும் விளக்கம். ஒரு சொல்லின் மாற்றத்தில் ஒரு சமயத்தின் கொள்கை தங்கியிருக்கிறது. அவ்விடத்தில் அறம் என்று எழுதும் மொழிபெயர்ப்பாளர் அக்கொள்கையைக் கத்தரித்துவிடுகிறார், தாம் கத்தரித்ததை அறியாமலே.

இவையெல்லாம் பாலிக்கும் வடமொழிக்கும் உரிய சிக்கல்கள், தமிழுக்கு என்ன என்று கேட்பவர்கள் ‘மணிமேகலை’யைத் திறக்க வேண்டும். எங்கள் வழக்கின் முதன்மைச் சாட்சி சாத்தனாரே. இருபத்தேழாம் காதையில் வஞ்சி நகரத்து நிகண்டவாதி பேசுகிறான். தன்மாத்திகாயம், அதன்மாத்திகாயம் என்று இயக்கத் துணையையும் நிலைத் துணையையும் விளக்குகிறான். சாத்தனார் பௌத்தர், மாற்றுச் சமயத்தானின் கலைச்சொல்லை அவன் வாயில் அப்படியே விட்டுவைத்தார். இருபத்தொன்பதாம் காதையில் காஞ்சியில் அறவண அடிகள் தருக்கம் கற்பிக்கிறார். அங்கே தன்மம் என்பது ஒரு பொருளின்மேல் ஏற்றப்படும் பண்பு. தன்மி என்பது அப்பண்பைத் தாங்கும் பொருள். ‘பக்க தன்ம வசனம்’ என்னும் தொடரில் வருவது இந்தத் தன்மமே. ஏதுப்போலிகளுள் தன்மத்தையும் தன்மியையும் திரித்துச் சாதிக்கும் குற்றங்கள் நான்காக வகுக்கப்படுகின்றன. அந்தக் காதையின் தலைப்போ தருமம் கேட்டதைப் பற்றியது. அங்கே தருமம் போதனை. முப்பதாம் காதையில் புத்தர், சங்கம் என்ற இரண்டோடு மும்மணியுள் ஒன்றாகத் தன்மம் நிற்கிறது. நான்கே காதைகளுக்குள் மூன்று வேறு பொருள்கள்!

அறம் என்ற சொல் சாத்தனாருக்குத் தெரியாதா? எல்லா உயிர்க்கும் உணவும் உடையும் உறையுளும் அளிப்பதே அறம் என்று இருபத்தைந்தாம் காதையில் வரையறுத்தவர் அவர். ஆசிரியர்க்கு அறவணர் என்றே பெயர் தந்தவர். ஒழுக்கமும் ஈகையும் போதனையும் வரும் இடங்களில் அறம் என்று மனமுவந்து எழுதினார். தருக்கமும் பொருளியலும் வரும் இடத்தில் தன்மம் என்று எழுதினார். அவ்வளவு நுட்பமாகப் பிரித்துக் கொடுத்ததை ஒன்றாகக் குழைத்து ‘எளிமைப்படுத்தி’த் தருவதுதான் பிற்கால உரைச் சுருக்கங்கள் பலவற்றின் சாதனை. உ.வே. சாமிநாதையர் 1898-இல் மணிமேகலையைப் பதிப்பித்தபோது, பௌத்தத்தை விளங்கிக்கொள்ளப் படாதபாடு பட்டார். தாம் எழுதிய துணைநூல்களுக்குப் புத்த சரித்திரம், பௌத்த தருமம், பௌத்த சங்கம் என்றே பெயரிட்டார். தெரியாத இடத்தில் கேட்டார், கேட்டபின் எழுதினார். அ. சக்கரவர்த்தி நயினார் 1936-இல் ‘நீலகேசி’யைச் சமய திவாகர வாமன முனிவர் உரையோடு வெளிக்கொணர்ந்தபோதும் அந்தப் பொறுப்பு இருந்தது. இவர்களுக்குப் பின் வந்தவர்க்கு வேலை எளிதாயிற்று. எளிதானதும் அலட்சியம் வந்தது.

தனித்தமிழ் அன்பர்கள் எங்கள்மேல் சினம் கொள்ளலாம். நாள்தோறும் எழுதும் உரைநடையில் தருமத்தை நீக்கி அறத்தை வைப்பவரோடு எங்களுக்கு வழக்கில்லை. பழம்பாடத்துக்கு உரை எழுதும்போது அச்செயல் வேறு ஆகிவிடுகிறது என்பதே எங்கள் வாதம். அசோகன் ஆட்சியில் காந்தகாரில் பொறித்து 1958-இல் கண்டெடுக்கப்பட்ட கிரேக்கக் கல்வெட்டில் தம்மத்துக்கு ‘யூசெபேயா’ என்று பெயர்த்திருக்கிறார்கள். தெய்வத்திடமும் பெரியோரிடமும் காட்டும் பணிவு என்பது அச்சொல்லின் பொருள். அரசன் ஆணைக்கு அது போதுமானதாக இருந்தது. அபிதருமத்தை அச்சொல்லால் பெயர்த்திருந்தால் கிரேக்கருக்கு ஒன்றும் விளங்கியிராது.

இன்று இது வெறும் புலவர் பூசலாகவும் இல்லை. 2023 செப்டம்பரில் சனாதனம் குறித்துத் தமிழகத்தில் எழுந்த சண்டையில், தருமத்தைக் காக்க வந்தவர்களும் ஒழிக்க வந்தவர்களும் வருண ஒழுங்கு என்ற ஒன்றையோ, பொதுவான நன்மை என்ற ஒன்றையோ மட்டும் கையில் பிடித்திருந்தார்கள். சமணரும் பௌத்தரும் அதே சொல்லை வைத்து வேதவாதியோடு நூற்றாண்டுக் கணக்கில் மல்லுக்கு நின்றார்கள் என்ற நினைவு இரு தரப்பிலும் இல்லை. அம்பேத்கர் இதை அறிந்தவர். அவர் மறைவுக்குப் பின் 1957-இல் வெளிவந்த ‘புத்தரும் அவர் தம்மமும்’ நூலில் அவர் பாலி வடிவத்தைத் தேர்ந்தெடுத்தார். தம்மம் எது, அதம்மம் எது, சத்தம்மம் எது என்று தனித்தனியே பகுத்தார். அந்தத் தம்மத்தைத் தர்மம் என்று திருத்தினாலும் அறம் என்று மாற்றினாலும் அவருடைய வாதம் குலையும்.

உரையாசிரியர்களிடம் நாங்கள் கேட்பது சிறிது. தன்மாத்திகாயம் வரும் அடிக்கு அடிக்குறிப்பில் ‘இயக்கத் துணைப்பொருள்’ என்று எழுதுங்கள். தருக்கப் பகுதியில் ‘பண்பு’ என்று எழுதுங்கள். அபிதரும நூலைப் பெயர்க்கையில் ‘கூறு’ என்றோ, துணிவில்லையெனில் ‘தன்மம்’ என்றோ விடுங்கள். அகராதியின் முதற்பொருளை எடுத்து எல்லா இடத்திலும் ஒட்ட வேண்டாம்.

மணிமங்கலத்திலிருந்து திரும்பும் வழியெல்லாம் முதல் நண்பர் விட்டுக்கொடுக்கவில்லை. ஏரிக்கரையில் தோண்டினால் புத்தர் சிலை கிடைக்கும் என்றார். தோண்டட்டும். கிடைத்தால் முதல் ஆளாக வந்து பார்க்க நாங்கள் ஆயத்தம். சமணர் சிலை கிடைத்தாலும் அவர் அதே உற்சாகத்தோடு தொலைபேசியில் அழைக்க வேண்டும் என்று மட்டும் கேட்டுக்கொண்டோம். அவர் இன்னும் விடை சொல்லவில்லை.