குரலும் நடிப்புதான்: ஜிஹாத் அல் அத்ரஷை முன்வைத்து

லெபனானின் மூத்த நடிகர் ஜிஹாத் அல் அத்ரஷ் மேடை, வானொலி, தொலைக்காட்சி என மூன்றிலும் பல பத்தாண்டுகள் உழைத்தவர். ஆனால், பெய்ரூட்டிலோ பாக்தாதிலோ குவைத்திலோ ஐம்பது வயதை ஒட்டிய ஒருவரிடம் அவர் பெயரைச் சொன்னால், முதலில் நினைவுக்கு வருவது ஒரு குரல்தான். ‘கிரண்டைசர்’ என்ற ஜப்பானியக் கார்ட்டூன் தொடரின் அரபி வடிவத்தில் நாயகன் டியூக் ஃப்ளீடுக்குப் பேசியவர் அவர். இவ்வளவு தேர்ந்த ஒரு நடிகர் கடைசியில் சிறுவர் கார்ட்டூனுக்குக் குரல் கொடுத்தவராகவா அறியப்பட வேண்டும் என்று அங்கலாய்க்கத் தோன்றலாம். அந்த அங்கலாய்ப்பிலேயே கோளாறு இருக்கிறது. டியூக் ஃப்ளீடும் அவர் ஏற்ற வேடம்தான். அதுவும் முதல் வரிசை வேடம். டப்பிங்கை நடிப்புக்கு வெளியே நிறுத்திவைக்கும் பழக்கம் வெறும் ரசனைப் பிழையோடு நின்றுவிடுவதில்லை. கலைஞர்களுக்குச் சேர வேண்டிய பெயரையும் வருமானத்தையும் சேர்த்தே பறித்துக்கொள்கிறது.

கோ நகாய் உருவாக்கிய கிரண்டைசர், டோய் நிறுவனத்தின் தயாரிப்பாக ஜப்பானில் 1975 அக்டோபர் முதல் 1977 பிப்ரவரி வரை 74 பகுதிகள் ஒளிபரப்பானது. அதை அரபிக்குக் கொண்டுவந்தவர் பெய்ரூட் தயாரிப்பாளர் நிக்கோலா அபூ சமாஹ். 1979 வாக்கில் லெபனான் தொலைக்காட்சியில் தொடர் வந்தபோது, அந்த நாட்டின் உள்நாட்டுப் போர் தொடங்கி நான்கு ஆண்டுகள் ஆகியிருந்தன. போர் நடக்கும் ஊரில் டப்பிங் தழைத்ததற்குக் காரணம் உண்டு. வானொலியிலும் மேடையிலும் தொலைக்காட்சி நாடகத்திலும் இலக்கண அரபியைப் பிசிறில்லாமல் பேசிப் பழகிய ஒரு தலைமுறை அங்கே இருந்தது. லெபனான் பேச்சுமொழியில் எடுத்தால் லெபனானோடு நின்றுவிடும். இலக்கண அரபியில் எடுத்தால் வளைகுடா நாடுகள் முழுக்க விற்கலாம். ஆகவே அந்தத் தலைமுறையின் நாவன்மையே ஏற்றுமதிச் சரக்காயிற்று. தொடரின் தலைப்புப் பாடலைப் பாடிய சாமி கிளார்க்கின் பெயரும் அந்த வழியில்தான் அரபு நாடுகளின் குழந்தைகள் வரை போய்ச் சேர்ந்தது.

வேடத்தின் கனத்தைப் பார்ப்போம். வேகா என்ற வேற்றுக்கோள் அரசின் படைகள் தன் கோளைச் சூறையாட, தப்பிப் பூமிக்கு வந்து, ஒரு விஞ்ஞானியின் வளர்ப்பு மகனாக, டைசுகே என்ற பெயரில் பண்ணையில் வேலை செய்யும் இளவரசன் அவன். பண்ணையில் இருக்கும்போது அடங்கிய பேச்சு, கொஞ்சம் தயக்கம், தன்னை யாரும் அறிந்துவிடக் கூடாதே என்ற எச்சரிக்கை. போர்க்களத்தில் அதே தொண்டையிலிருந்து ஆணை பிறக்க வேண்டும். இரண்டும் ஒரே ஆள் என்று கேட்பவருக்குப் பட வேண்டும்; இரண்டும் ஒன்றுபோல ஒலித்துவிடவும் கூடாது. அத்ரஷ் அந்த ஆழ்ந்த, சற்றே துயரம் படிந்த குரலை இரண்டு இடத்திலும் விடவில்லை. கட்டளையிடும்போதும் வீட்டை இழந்தவனின் குரல் அடியில் ஓடிக்கொண்டே இருக்கிறது. குண்டுச் சத்தம் கேட்ட பெய்ரூட் பிள்ளைகளுக்கு அந்தத் துயரம் அந்நியமாக இருந்திருக்க முடியாது.

இதற்குப் பின்னால் உள்ள தொழில்நுட்பச் சிக்கல் தமிழருக்கு எளிதில் புரியும். நம் மொழியைப் போலவே ஜப்பானிய மொழியிலும் வினைச்சொல் வாக்கியத்தின் கடைசியில் வரும். இலக்கண அரபியிலோ அது பெரும்பாலும் முதலிலேயே வந்துவிடும். ஜப்பானிய நடிகர் கேய் தோமியாமா ஒரு வாக்கியத்தின் முடிவில் குரலை உயர்த்தினால், படத்திலும் அதே கணத்தில் முகம் திரும்பும், புருவம் நெரியும். அரபியில் அந்த இடத்துக்கு வருவதற்குள் முக்கியமான சொல் பேசி முடிந்திருக்கும். எனவே டப்பிங் நடிகர் உணர்ச்சியின் ஏற்ற இறக்கத்தை வாக்கியத்துக்குள்ளேயே வேறோர் இடத்துக்கு நகர்த்த வேண்டும். வாயசைவு பிசகக் கூடாது, வேற்றுமை விகுதிகளின் உச்சரிப்பு தவறக் கூடாது, கேட்கிற ஆறு வயதுக் குழந்தைக்கும் புரிய வேண்டும். இத்தனையும் கைகூடினால்தான் ஒரு வரி தேறும். இதை எழுதிக்கொடுத்ததை வாசிக்கும் வேலை என்று யாராலும் தள்ளிவிட முடியாது.

அத்ரஷ் தனி ஆளும் அல்ல. 1978இல் ஜப்பானில் வந்த ‘புதையல் தீவு’ தொடரின் அரபி வடிவத்தில் ஜான் சில்வருக்குக் குரல் கொடுத்தவர் வஹீத் ஜலால். கயவனென்று தெரிந்தும் சிறுவன் ஜிம்மால் சில்வரை வெறுக்க முடியவில்லை என்பதுதான் அந்தக் கதையின் உயிர். அந்த வசீகரத்தை அரபிக் குழந்தைகளுக்குக் கடத்தியது ஜலாலின் குரலும் சிரிப்பும்.

டப்பிங்கும் நடிப்புதான் என்பதற்கு வலுவான மறுப்பு ஒன்று உண்டு. அது அரபுத் திரையுலகின் உள்ளிருந்தே வருகிறது. இயக்குநர் முஸ்தஃபா அக்காத், 1976இல் வெளிவந்த, இஸ்லாத்தின் தொடக்கக் காலத்தைச் சொல்லும் ‘தி மெசேஜ்’ படத்தை ஆங்கிலத்தில் எடுத்தபோது, அதை அரபியில் டப் செய்யவில்லை. ஹம்ஸாவாக ஆங்கிலத்தில் ஆன்டனி க்வினும் அரபியில் அப்துல்லா கைஸும் நடிக்க, இரண்டு நடிகர் குழுக்களை வைத்து இரண்டு படங்களாகவே எடுத்தார். அரபி வடிவத்தில் காலித் வேடம் ஏற்றவர் லெபனானில் பெயர்பெற்ற நடிகர் மஹ்மூத் சயீத். குரலை மட்டும் மாற்றினால் போதாது என்று அத்தகைய ஒரு கலைஞரே கருதியிருக்கும்போது, டப்பிங்கை முழு நடிப்பென்று எப்படிச் சொல்வது என்று கேட்கலாம். ரத்தமும் சதையுமான நடிகரின் முகத்துக்கு இன்னொருவர் குரலைப் பொருத்துவதில் இடைவெளி இருக்கவே செய்யும், அதை மறுப்பதற்கில்லை. ஆனால் வரையப்பட்ட பாத்திரத்துக்குச் சொந்தத் தொண்டை கிடையாது. தோமியாமாவின் குரலும் பிறகு பொருத்தப்பட்டதுதான். பிரெஞ்சில் பேசிய டேனியல் காலும் அரபியில் பேசிய அத்ரஷும் அவருக்கு இணையான இடத்தில் நிற்பவர்கள். ‘ஹாம்லெட்’டை இரண்டு நடிகர்கள் ஏற்றால் ஒருவரை நகல் என்று நாம் சொல்வதில்லையே.

இலக்கண அரபி செயற்கையானது, எந்தக் குழந்தையும் வீட்டில் அப்படிப் பேசுவதில்லை என்பது அடுத்த மறுப்பு. எழுத்து வழக்கும் பேச்சு வழக்கும் பிரிந்து கிடக்கும் தமிழில் வாழும் நமக்கு இந்த வாதம் பழகியதுதான். டிஸ்னி தன் படங்களைப் பல ஆண்டுகள் எகிப்தியப் பேச்சுமொழியில் தந்தது. 2013இல் வந்த ‘ஃப்ரோசன்’ படத்தை இலக்கண அரபியில் தந்தபோது, பாடல்கள் ஒட்டவில்லை என்று முணுமுணுப்பு எழுந்தது. அந்த முணுமுணுப்பில் நியாயம் இருக்கிறது. அதே இலக்கண அரபி கிரண்டைசரில் ஒட்டியதே, அது எப்படி என்பதைத்தான் யோசிக்க வேண்டும். வேற்றுக்கோள் இளவரசன் ஒருவன் சற்றே உயர்ந்த நடையில் பேசுவது பாத்திரத்துக்குப் பொருந்துகிறது என்பது ஒரு காரணம். அந்த நடையில் மூச்சுவிடத் தெரிந்த நடிகர்கள் கிடைத்தார்கள் என்பது இன்னொரு காரணம். இரண்டாவதே பெரிது என்பேன். பள்ளிப் பாடமாக மட்டும் இருந்த ஒரு மொழி கோபப்படவும் கலங்கவும் முடியும் என்று ஒரு தலைமுறைக்குக் காட்டியவர்கள் அவர்கள்.

இதெல்லாம் சிறுவயது ஏக்கம் என்று ஒதுக்கலாம். சந்தை அப்படி ஒதுக்கவில்லை. 2022இல் ரியாத்தில் தொடரின் ரோபோவான கிரண்டைசருக்குப் பிரம்மாண்டமான சிலை எழுந்தது. சவூதியின் மங்கா புரொடக்‌ஷன்ஸ் நிறுவனம் பின்னால் நிற்க, 2024இல் புதிய தொடரே வந்தது. இந்த ஏக்கத்தின் பெரும்பகுதி குரலால் விளைந்தது. குரலுக்கு உரியவர்களின் பங்கு என்ன? டப்பிங் தொழிலின் பொது வழக்கம் ஒருமுறைக் கூலி. நடிப்பவர், பாடுபவர் உரிமைகளைக் காக்க வந்த 1961ஆம் ஆண்டு ரோம் உடன்படிக்கையின் 19ஆவது பிரிவு, காட்சிப் பதிவில் சேர ஒருவர் ஒருமுறை இசைந்துவிட்டால் அந்தப் பாதுகாப்பு அவருக்கு இல்லை என்கிறது. பாடகருக்குக் கிடைத்தது நடிகருக்குக் கிடைக்கவில்லை. 2012இல் உருவாகி 2020இல் நடைமுறைக்கு வந்த பெய்ஜிங் உடன்படிக்கைதான் தன் பெயரால் அறியப்படும் உரிமையைத் திரை நடிகருக்கும் தந்தது. அதுவும் கையெழுத்திட்டு ஏற்ற நாடுகளில் மட்டும். சில நிமிடப் பதிவை வைத்தே ஒருவர் குரலைக் கணினியால் உருவாக்கிவிடக்கூடிய இக்காலத்தில், நாடறிந்த குரல்களுக்கு இசைவு கேட்கும் கடமையாவது எழுத்தில் இருந்தாக வேண்டும்.

பங்கு கொடுத்தால் டப்பிங் கட்டுப்படியாகாது என்று தயாரிப்பாளர்கள் சொல்லக்கூடும். பிரான்ஸில் டப்பிங் நடிகர்கள் 1994 இறுதியில் வேலைநிறுத்தத்தில் இறங்கி மறு ஒளிபரப்பில் பங்கு கேட்டார்கள். அங்கே அந்தத் தொழில் படுத்துவிடவில்லை. மறுபடி விற்கும்போது மட்டும் தரும் பங்கு, விற்காத படத்துக்குச் சுமையாகாது. லெபனானைப் பொறுத்தவரை இது வெறும் கொள்கைப் பேச்சும் அல்ல. 2019இல் தொடங்கிய நெருக்கடியில் லெபனான் நாணயமான லிரா டாலருக்கு எதிராகத் தன் மதிப்பில் 90 விழுக்காட்டுக்கு மேல் இழந்தது. வங்கிகள் மக்களின் சேமிப்பை முடக்கின. அன்று லிராவில் ஒருமுறைக் கூலி வாங்கிச் சேமித்த ஒரு கலைஞரின் கையில் இன்று மிஞ்சுவது சொற்பம். அவர் குரல் பதிந்த தொடரை மறுபடி விற்பவருக்கோ வருமானம் டாலரில் வந்துகொண்டிருக்கும்.