எங்கள் மண்ணின் காவியம்

சென்ற ஆண்டு எங்கள் வகுப்பு இலக்கிய மன்றத்தில் ‘நாம் போற்றும் காவியம்’ என்னும் தலைப்பில் ஒவ்வொருவராகப் பேசினோம். கம்பராமாயணம் என்றாள் ஒருத்தி. சிலப்பதிகாரம் என்றாள் மற்றொருத்தி. வீரமாமுனிவரின் தேம்பாவணி என்றாள் வேறொருத்தி. இறுதியில் எழுந்த தோழி, “அண்ணன்மார் கதை” என்றாள். வகுப்பே சிரித்தது. “அது உடுக்கையடிப் பாட்டல்லவா? அது எப்படிக் காவியமாகும்?” என்று கேட்டோம். அவள் ஒன்றும் சொல்லாமல் அமர்ந்துவிட்டாள். அவளுடைய அப்புச்சி அந்தக் கதையைப் பாடுபவர் என்பது எங்களுக்குப் பிறகுதான் தெரிந்தது.

அன்று நாங்கள் சிரித்தது தவறு. அதைச் சொல்லவே இக்கட்டுரையை எழுதுகிறோம்.

ஏட்டில் எழுதியதுதான் காவியமா? சிலப்பதிகாரத்தின் பதிகத்தைப் பாருங்கள். கண்ணகியின் கதையை இளங்கோவடிகளுக்கு முதலில் வந்து சொன்னவர்கள் மலையில் வாழும் குறவர்களே. பின்லாந்து நாட்டில் எலியாஸ் லொன்ராட் என்ற மருத்துவர் ஊர் ஊராக நடந்து, குடியானவர்கள் பாடிய பாட்டுகளைத் தொகுத்தார். 1835-இல் அது ‘கலேவலா’ என்ற நூலாயிற்று. இன்று அதுவே அந்நாட்டின் தேசிய காவியம். அவர்களைப் பார்த்து யாரும் சிரிக்கவில்லை!

அண்ணன்மார் கதையில் இல்லாதது என்ன? பிள்ளை வேண்டித் தாமரை நாச்சியார் இயற்றிய நெடுந்தவம் இருக்கிறது. அவருக்கும் குன்னுடையாருக்கும் பிறந்த பொன்னர், சங்கர் என்னும் வீரர்களும், அவர்தம் தங்கை அருக்காணித் தங்காளும் இருக்கின்றனர். கொம்பன் என்ற பெரும் பன்றியும், அதை வீழ்த்தத் துணைநின்ற சின்னஞ்சிறு நாயும் உண்டு. அண்ணன்மார் களத்தில் மாய்ந்தபின் தங்காள் காட்டில் தேடிச் சென்று அவர்களை எழுப்பும் இடத்தைக் கேட்டுக் கண்ணீர் விடாத பெண்ணும் உண்டோ? கோயில்களில் ‘படுகளம்’ நிகழும்போது, அந்த இடம் வந்ததும் கேட்பவர்களே மயங்கி விழுவார்கள். பிறகு அவர்களை எழுப்புவார்கள். மணப்பாறையை அடுத்த வீரப்பூரில் மாசித் திருவிழாவுக்குக் கொங்கு நாட்டிலிருந்து மக்கள் திரளாகச் செல்கின்றனர். வேறு எந்தக் காவியத்தை இத்தனை பேர் இப்படி நெஞ்சில் சுமக்கிறார்கள்?

இதன் அருமையை அயல்நாட்டார் நமக்கு முன்பே கண்டனர். கனடாவைச் சேர்ந்த பிரெண்டா பெக் என்ற ஆய்வாளர், 1965-இல் காங்கேயத்தை அடுத்த ஓலப்பாளையத்தில் தங்கி, 18 இரவுகள் பாடப்பட்ட இக்கதையை ஒலிநாடாவில் பதிவு செய்தார். 1971-இல் கவிஞர் சக்திக்கனல் இதை நூலாகப் பதிப்பித்தார். கலைஞர் கருணாநிதி ‘பொன்னர் சங்கர்’ என்ற நாவலாக எழுதினார். அது 2011-இல் திரைப்படமாகவும் வந்தது. ஓலப்பாளையம் இன்று நம் திருப்பூர் மாவட்டத்தில்தான் இருக்கிறது. கனடாவிலிருந்து வந்தவர் கேட்டதை, பேருந்தில் போய்வரும் தொலைவில் இருக்கும் நாம் கேட்கவில்லையே!

“அது ஒரு சாதியாரின் கதை, அதில் பகையும் கொலையும் உண்டு” என்று சிலர் சொல்வார்கள். இதை நாங்கள் எளிதாகத் தள்ளிவிடவில்லை. எங்கள் வகுப்பில் எல்லாக் குடும்பத்துப் பிள்ளைகளும் இருக்கிறோம். கதையில் வேடர்கள் பகைவராக வருகின்றனர். தன் முன்னோரைப் பகைவர் என்று பாடக் கேட்கும் பிள்ளையின் மனம் என்ன பாடுபடும்? ஆனால் கதையைக் கூர்ந்து கேட்டால் வேறொன்றும் தெரிகிறது. எங்களுக்குச் சொல்லப்பட்டபடி, தங்காள் கிளி கேட்டாள் என்பதற்காக அண்ணன்மார் வேடர் காட்டுக்குச் சென்றனர். சோடிக் கிளிகளில் ஒன்றைப் பிடித்து வந்தனர். மற்றது தனித்து அழுதது. அப்படியானால் பகையைத் தொடங்கியவர் யார்? உயிரைக் கொடுத்து உழைத்த சாம்புவனுக்குக் கிடைத்த மதிப்பு என்ன? காவியத்தைப் போற்றுவது வேறு; அதில் வருவதையெல்லாம் சரியென்பது வேறு. கண்ணகி மதுரையை எரித்தது முறையா என்று பட்டிமன்றம் நடத்துகிறோமே! இக்கதையையும் அப்படிக் கேள்வி கேட்டுக் கேட்போம். வேடர் வழிவந்தோர் இதை எப்படிச் சொல்கின்றனர் என்பதையும் கேட்போம்.

கூட்டத்துக்குப் பின் ஒரு சனிக்கிழமை மாலை, மன்னிப்புக் கேட்கத் தோழியின் வீட்டுக்குச் சென்றோம். அவளுடைய அப்புச்சி எங்களைக் கடிந்துகொள்ளவில்லை. உடுக்கையை எடுத்துக் கிளி பிடித்த கதையைப் பாடினார். பாதியில் நின்றுவிட்டார். பின்பாட்டுப் பாடியவர் காலமாகிவிட்டாராம். முன்பெல்லாம் பல இரவுகள் பாட அழைப்பார்களாம். இப்போது இரண்டு மணி நேரம் போதும் என்கிறார்களாம். பனியன் கம்பெனியில் ஒன்றரை ஷிப்ட் முடித்து வருபவர்கள் எப்படி விடிய விடிய விழித்திருப்பார்கள்? அவர்களைக் குறை சொல்ல எங்களுக்கு மனம் வரவில்லை. எங்கள் பெற்றோரும் அவர்களில் ஒருவரே. “கேக்கறதுக்கு ஆளிருந்தாத்தான் கண்ணு பாட்டு வரும்” என்றார் அவர்.

வளையாபதி, குண்டலகேசி என்ற பெருங்காப்பியங்கள் ஏட்டில் இருந்தும் அழிந்தன. சில பாடல்களே எஞ்சின. ஏட்டில் இருந்தவற்றுக்கே அந்தக் கதி என்றால், நாவில் மட்டும் வாழும் பாட்டு என்னாகும்? அச்சான நூல் ஒருவர் பாடியதைத்தான் காக்கும். நம் தோழியின் அப்புச்சி பாடுவது அவரோடு போய்விடும்.

எனவே ஒன்று சொல்கிறோம். விடுமுறையில் அம்மிச்சி, அப்புச்சி, அப்பாரு யாரிடமேனும் அமர்ந்து, அவர்களுக்குத் தெரிந்த அளவு இக்கதையைக் கேட்டு ஒரு குறிப்பேட்டில் எழுதுங்கள். பாடுவதைக் கைப்பேசியில் பதிவு செய்யுங்கள். நாங்கள் தொடங்கிவிட்டோம், இதுவரை நாற்பது பக்கங்கள் சேர்ந்துள்ளன. எங்கள் ஆசிரியைகளிடமும் ஒரு வேண்டுகோள் வைக்கிறோம். வரும் ஆண்டு இலக்கிய மன்றத் தொடக்க விழாவுக்கு எங்கள் தோழியின் அப்புச்சியை அழைத்து, மேடையில் அமர்த்திப் பாடச் சொல்லுங்கள். அன்று முன்வரிசையில் அமர்ந்து, நாங்கள் சிரிக்காமல் கேட்போம்.