நூதனசாலையிற் கைகூப்பலாமா?

சில ஆண்டுகளுக்கு முன் மாணவரைக் கொழும்பு நூதனசாலைக்கு அழைத்துச் சென்றிருந்தோம். பொலனறுவைச் சிவாலயத்தில் அகழ்ந்தெடுக்கப்பெற்ற நடராசர் திருவுருவத்தின் முன் எம் கூட்டம் நின்றது. முன்வரிசையில் நின்ற சிறுவன் ஒருவன், லிங்கநகரில் எம் அயலிலே வாழ்பவன், இரு கைகளையும் நெஞ்சளவு உயர்த்தினான். பக்கத்தில் நின்றோர் நகைப்பரோ என நாணியவன்போல அவற்றைக் கீழே விட்டான். பின்பு எம்மருகே வந்து, "சேர், இந்தச் சாமியைக் கும்பிடலாமோ?" என்று மெல்லக் கேட்டான். எல்லார் காலிலும் சப்பாத்து, சுற்றிலும் காட்சிப் பொருள்கள், விளக்கில்லை, பூவில்லை. "பஸ்ஸுக்கு நேரமாகிறது, நடவும்" என்றோம்.

விடை தெரியாமற் போனது ஆசிரியனுக்குக் குற்றமன்று. வினாவே எழாததுபோல் நடந்துகொண்டது குற்றம். அன்று சொல்லாது விட்ட விடையை, பழைய மாணவரும் இன்றைய மாணவரும் ஒருங்கே படிக்கும் இவ்விழா மலரிற் சொல்ல முற்படுகின்றோம்.

அந்நடராசர், சுந்தரமூர்த்தி நாயனார் முதலிய பொலனறுவைத் திருவுருவங்கள் 1907, 1908 ஆம் ஆண்டுகளில், தொல்பொருள் ஆணையாளராக இருந்த பெல் என்பார் காலத்தில் வெளிப்பட்டன. அவை மண்ணிலிருந்து நூதனசாலைக்குப் போயின. நம் ஊரிலோ, 1950 இல் நகரசபையார் கிணறு தோண்டுகையில், சோமாஸ்கந்தர், சந்திரசேகரர், அம்மை ஆகிய திருவுருவங்கள் கிடைத்தன. பதினேழாம் நூற்றாண்டின் முற்பகுதியிற் போர்த்துக்கேயர் கோணேசர் கோயிலை இடித்தபோது அடியார்கள் புதைத்துக் காத்தவை அவை என்பது ஊரார் துணிபு. அவை வீதிவலம் வந்து, 1963 இல் நிகழ்ந்த கும்பாபிடேகத்தோடு கோயிலிற் குடிபுகுந்தன. உலோகமும் ஒன்று, வார்ப்பு முறையும் ஒன்று, மண்ணுட் கிடந்த வரலாறும் ஏறத்தாழ ஒன்று. வெளிவந்தபின் ஏறிய வண்டி எத்திசையிற் சென்றது என்பதொன்றே வேறு. அதனால் ஒன்று கலைப்பொருள் ஆயிற்று. மற்றையது திருமேனி ஆயிற்று.

இவ்விரண்டனுள் எவ்விடத்தில் யாம் நன்றாகக் காண்கின்றோம்? நேர்மையாகச் சொல்வதாயின், கண்ணுக்கு நூதனசாலையே வாய்ப்பானது. அங்கே இடையின் நெளிவும் விரல்நுனியின் குழைவும் தெரிகின்றன. கோயிலிலோ பட்டும் மாலையும் மூடியதுபோக முகமொன்றே எஞ்சும். அதுவும் தீபம் உயரும் கணப்பொழுதில். கலையன்பர் சிலர் இதனை ஒரு குறையாக எம்மிடம் கூறியதுண்டு. ஆயின் சிற்பியை நினைந்து பார்க்க வேண்டும். மெழுகிலே உருச்செய்து, மண் பூசி, மெழுகை உருக்கி வெளியேற்றி, அவ்வெற்றிடத்தில் உலோகத்தை வார்ப்பவன் அவன். மண்கருவை உடைத்தே உருவத்தை எடுத்தல் வேண்டும். ஆகலின் ஒரு கருவுக்கு ஓர் உருவமே. பட்டு மறைக்கும் என்பது அவனுக்குத் தெரியாததன்று. தெரிந்தும், எவரும் பாராத முதுகின் வளைவை முன்புறத்தைச் செய்த அதே கவனத்தோடு செய்து முடித்தான். யாருக்காகச் செய்தான்? பார்ப்போருக்காகவே கலை என்பார் இவ்வினாவுக்கு என்ன விடை தருவாரோ, அறியோம்.

இவ்விடத்தில் நம் நாட்டார் ஒருவரை நினையாதிருத்தல் இயலாது. 1877 இற் கொழும்பிற் பிறந்த ஆனந்த குமாரசுவாமி அவர்கள், கொழும்பு நூதனசாலையிலுள்ள வெண்கலத் திருவுருவங்களைப் பற்றி 1914 இல் ஒரு நூல் வெளியிட்டார். 1917 முதல் தம் வாழ்நாள் இறுதிவரை அமெரிக்காவில் பொஸ்ரன் நகர நூதனசாலையிற் பணி புரிந்தார். 1918 இல் வெளிவந்த அவரது 'சிவநடனம்' உலகெங்கும் படிக்கப்பட்டது. அதில் அவர் நடராசரின் அழகை வருணித்து அமையவில்லை. உண்மை விளக்கத்தையும் திருமந்திரத்தையும் துணைக்கொண்டு, துடி படைத்தலையும், அமைத்த கை காத்தலையும், தீ அழித்தலையும், ஊன்றிய தாள் மறைத்தலையும், எடுத்த திருவடி அருளலையும் குறிக்குமாற்றை மேனாட்டார்க்கு விளக்கினார். பிரான்சு தேசத்துப் பெருஞ்சிற்பி ரொடானோ சென்னை நூதனசாலை நடராசரைப் புகைப்படத்திலே கண்டவர், இந்தியாவுக்கு வந்தவரல்லர், சைவ சாத்திரம் கற்றவருமல்லர். எனினும் அவ்வுருவில் உள்ளம் தோய்ந்து அவர் எழுதிய கட்டுரை, அவர் மறைந்தபின் 1921 இல் அச்சேறியது. சாத்திரம் அறியாத கண்ணும் அவ்வுருவின்முன் தலைசாய்ந்தது. சாத்திரம் அறிந்த நம் கண்ணோ பலகாலும் அவ்வுருவைப் பாராமலே கும்பிட்டு வருகின்றது. எது பெரிய இழப்பு என்று எம்மைக் கேட்டால், பின்னதே என்போம்.

கண் எப்படிப் பார்க்கின்றது என்பதற்கு நம் கிழக்குக் கரையே மற்றொரு சான்று. திருகோணமலைக்கும் மட்டக்களப்புக்கும் இடையே எங்கோ கண்டெடுக்கப்பெற்ற தாரை என்னும் பௌத்த தெய்வத்தின் பொன்முலாம் பூசிய வெண்கல வடிவம், 143 சென்ரிமீற்றர் உயரமுடையது, தேசாதிபதியாயிருந்த பிரவுண்றிக் என்பாரால் 1830 இல் இலண்டனிலுள்ள பிரித்தானிய நூதனசாலைக்கு அளிக்கப்பட்டது. மேலாடையற்ற அவ்வடிவம் பொதுமக்கள் பார்க்கத் தகாதது என்று அங்கே பல்லாண்டு ஒதுக்கி வைக்கப்பட்டிருந்தது. கருணையே உருவான தெய்வம் என்று செய்தவனும் வணங்கியவனும் கண்டதை, நூதனசாலையார் வெறும் பெண்ணுடலாகக் கண்டனர். வணங்கத் தெரியாத கண், அழகையும் கோட்டைவிடும் என்பதற்கு வேறென்ன வேண்டும்?

அதற்காக வணக்கம் ஒன்றே போதும் என்பதும் எம் கருத்தன்று. சத்தியஜித் ராய் 1960 இல் எடுத்த 'தேவி' என்னும் வங்காளத் திரைப்படத்தைப் பழைய மாணவருட் சிலர் பார்த்திருப்பர். பாராதார் பார்ப்பாராக. தொடக்கத்திலே வெறும் மண்முகமாய் நின்ற துர்க்கையின் திருவுரு படிப்படியாக அணி பெற்றுத் தெய்வமாகின்றது. பின்பு ஓர் இளம்பெண், மாமனார் கண்ட கனவொன்றினாலே, அதே இடத்தில் இருத்தப்பட்டு வழிபடப்படுகின்றாள். அவ்வழிபாடே அவள் வாழ்வைச் சிதைக்கின்றது. மண்ணைத் தெய்வமாகக் காணும் அதே கண், பெண்ணைப் பெண்ணாகக் காண மறந்த கதை அது. நம் தமிழ்ப்படங்களோ இத்தகைய இடர்ப்பாட்டில் மாட்டிக்கொள்வதில்லை. 1965 இல் வந்த 'திருவிளையாடல்' சிவாஜி கணேசனின் முகத்தைச் சிவபெருமானுக்குத் தந்தது; கண்ணை மூடினால் அம்முகமே தோன்றுகின்றது என்று பெரியவர் ஒருவர் எம்மிடம் குறைப்பட்டுக்கொண்டார். படம் நல்ல படமே. ஆயினும் திரையில் எல்லாம் வெளிச்சமாய் இருக்கின்றது. பார்ப்பவன் தன் உள்ளத்தால் நிரப்புதற்கு அது ஒன்றையும் மிச்சம் வைப்பதில்லை.

கோயிலின் கருவறையோ மிச்சம் வைக்கின்றது. சைவ சித்தாந்தம் இறைவனுக்கு உருவம், அருவுருவம், அருவம் என மூன்று நிலை கூறும். நடராசர் உருவம், இலிங்கம் அருவுருவம். யாம் வாழும் லிங்கநகர் தன் பெயரிலேயே இந்நடுநிலையைத் தாங்கி நிற்கின்றது. இலிங்கத்தைச் சிற்ப நயம் பாராட்டுவார் அரியர். முகமில்லை, கையில்லை, அபிநயமில்லை. எனினும் கோணேசர் கோயிலில் மாலைத் தீபத்தின்முன் நின்றவர் எவரும் அங்கே அழகு இல்லை என்று சொல்லார். அவ்வழகு கல்லில் முழுதும் இல்லை. காண்பான் கண்ணில் முழுதும் இல்லை. தொல்காப்பியர் மெய்ப்பாடு எட்டு என்றார். சாந்தம் என்னும் ஒன்பதாஞ் சுவையை அவ்வெட்டோடு எண்ணினாரல்லர். காசுமீரத்துச் சைவராகிய அபிநவகுப்தரோ, ஏனைச் சுவைகளுக்கெல்லாம் நிலைக்களனே சாந்தம் என்றார். தமிழாசிரியராகிய யாம் இவ்விடத்தில் அபிநவகுப்தர் பக்கமே நிற்கின்றோம், தொல்காப்பியர் பொறுத்தருள்வாராக.

இசையிலும் இதுவே நிகழ்கின்றது. திருகோணமலையிலே கல்விப்பணி புரிந்த விபுலாநந்த அடிகள், சிலப்பதிகாரத்து அரங்கேற்று காதையைத் திறவுகோலாகக் கொண்டு, மறைந்துபோன யாழைக் கணக்கினாலும் செவியினாலும் மீட்டெடுக்கப் பல்லாண்டு உழைத்தார். அவரது 'யாழ் நூல்' 1947 ஜூன் மாதம் திருக்கொள்ளம்பூதூரிலே அரங்கேறியது. அடுத்த மாதம் அடிகள் மறைந்தார். அவ்வாண்டு செப்டெம்பரில் குமாரசுவாமியும் மறைந்தார். சுர அளவைகளைக் கணித முறையால் ஆராய்ந்த ஒரு நூல் திருக்கோயிற் சூழலில் அரங்கேறுவதில் அடிகள் முரண் ஏதும் காணவில்லை. திருஞானசம்பந்தர் கோணமலை மீது பாடிய பதிகத்தின் பண் புறநீர்மை. அதனை ஓதுவார் பாடக் கேட்பவன் பண்ணைக் கேட்கின்றானா, பதியைத் தொழுகின்றானா என்று பிரித்துக் கேட்பவர் எவருமில்லை. சிற்பத்தில் மட்டும் ஏன் பிரிக்கின்றோம்? பண்ணைக் கழற்றி நூதனசாலையில் வைக்க இயலாமையால் இசை தப்பிற்று போலும்!

ஆகலின் அச்சிறுவனுக்கு எம் விடை: கும்பிடலாம். கும்பிட்ட பின் கையை இறக்கி, நன்றாகப் பார்க்கவும் வேண்டும். எடுத்த திருவடியின் எடை எங்கே தாங்கப்படுகின்றது, திருவாசியின் வட்டம் ஏன் உடலைத் தொடாமல் நிற்கின்றது என்று கேட்கவும் வேண்டும். நூதனசாலை அதற்குத் தடையன்று. யாம் கற்பிக்கும் முறையே தடை. சைவநெறிப் பாடத்திலே நடராசர் தத்துவமாகின்றார். சித்திரப் பாடத்திலே சோழர்கால வார்ப்பாகின்றார். தமிழ்ப் பாடத்திலே வருவதேயில்லை. மூன்று பாடவேளைகளிலும் ஒரே உருவத்தை மூவர் மூன்றாக வெட்டிக் கொடுத்தால், மாணவன் எதைத்தான் கும்பிடுவான், எதைத்தான் பார்ப்பான்?

அடுத்த சுற்றுலாவுக்கு முந்திய மாலையில், மாணவரைக் கோணேசர் கோயிற் பூசைக்கு அழைத்துச் செல்ல எண்ணியுள்ளோம். சித்திர ஆசிரியரும் சைவநெறி ஆசிரியரும் உடன்வர இசைந்துள்ளனர். மறுநாள் நூதனசாலையில் அரைமணி நேரமாவது நடராசர்முன் பேசாது நிற்றல் வேண்டும் என்பது ஏற்பாடு. பஸ் காத்திருக்கட்டும், சாரதியிடம் முன்கூட்டியே சொல்லிவிட்டோம்.